நான் ஏறினால் ஃபியூஸ் போகும்

நான் ஏறினால் அந்தக் காரில் ஃபியூஸ் போகும். இதைப் பொய் என்று நான் ஒருநாளும் சொன்னதில்லை. எல்லாரும் கண்ணால் பார்த்தது, நானும் பார்த்தேன். நான் ஏறி உட்காருவேன், வண்டி கொஞ்ச தூரம் ஒழுங்காகப் போகும், ஒரு பள்ளத்தில் இறங்கி ஏறும், அவ்வளவுதான், என்ஜின் அணைந்து நடுரோட்டில் நிற்கும். நான் இல்லாமல் போனால் அதே கார், அதே ரோடு, அதே பள்ளம், ஒரு கோளாறும் கிடையாது. இதை வைத்துக்கொண்டு என் மாமியார் என்னை என்ன பாடு படுத்தினார் என்பதையும், அதில் என் அம்மா எப்படிப் போனாள் என்பதையும்தான் எழுதப் போகிறேன். எப்போதோ நடந்தது, விடுங்கள் என்று என் பிள்ளைகள் சொல்கிறார்கள். அவர்களுக்கென்ன, சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். எனக்கு இன்னும் வயிறு எரிகிறது.

கார் என் மாமனார் வாங்கியது. மலையில் தோட்டம் வைத்திருந்த ஒரு துரை சீமைக்குத் திரும்பும்போது விற்றுவிட்டுப் போன வண்டி. கீழமாசி வீதியில் எங்களுக்கு மொத்த மளிகைக் கடை. மாமனார் கொஞ்ச காலம் அந்தக் காரில் ஜம்மென்று போய்வந்துவிட்டுக் கண்ணை மூடிவிட்டார். நான் மருமகளாக வந்தபோது காரை ஓட்டியது என் வீட்டுக்காரர், என் வீட்டுக்காரரை ஓட்டியது அவருடைய அம்மா.

காரில் யார் எங்கே உட்காருவது என்பதற்கு எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. முன்சீட்டு ஆண்களுக்கு. ஆண்கள் யாரும் வராவிட்டால் அதில் ஒரு சாக்குத் தேங்காய் உட்கார்ந்து வரும். புருஷன் பக்கத்தில் பெண்டாட்டி உட்கார்ந்து வீதியில் போவதாவது! பின்சீட்டில் வலது பக்கம் மாமியார். நடுவில் அவருடைய வெற்றிலைப் பெட்டியும் பூக்கூடையும். மாமியார் மேல் மருமகளின் முழங்கை இடித்துவிடக் கூடாதல்லவா? இடது பக்க மூலைதான் எனக்கு. அந்த மூலையில் சீட்டுக்குள் இருந்த ஸ்பிரிங் ஒன்று உடைந்து, உட்கார்ந்தால் தொடையில் குத்தும். மாமனார் இருந்தவரை மாமியார்தான் அங்கே உட்கார்ந்து வந்தாராம். ஸ்பிரிங் குத்த ஆரம்பித்ததும் வலது பக்கம் மாறிக்கொண்டார். மூலை காலியாகக் கிடந்தது, பிறகு நான் வந்து சேர்ந்தேன். பழைய சேலை ஒன்றை மடித்துப் போட்டு அதன்மேல் உட்காருவேன்.

முதல் தடவை ஃபியூஸ் போனது தெப்பத் திருவிழாவுக்குப் போகும்போது. கல்யாணம் ஆகிவந்த முதல் தை மாசம். வண்டியூர் ரோட்டில் மாட்டு வண்டிகளும் ஜனமுமாக நெரிகிறது. அத்தனை பேர் நடுவில் எங்கள் கார் ஹாரன் அடித்துக்கொண்டு போகிறது, மாமியார் மூக்குத்தி மின்ன நிமிர்ந்து உட்கார்ந்திருக்கிறார். ஒரு பள்ளத்தில் சக்கரம் இறங்கியது. என்ஜின் சத்தம் நின்றது. என் வீட்டுக்காரர் ஹாரனை அமுக்கிப் பார்த்தார், அதுவும் ஊமையாகிவிட்டது.

“பீசு போயிருச்சும்மா. எல்லாரும் எறங்குங்க” என்றார்.

ஸ்டீரிங்குக்குக் கீழே, கால் வைக்கிற இடத்துக்கு மேலே, கறுப்பு மூடி போட்ட ஒரு சின்னப் பெட்டி. அதைத் திறந்து உள்ளே இருந்த கண்ணாடிக் குழாயை நகத்தால் நெம்பி எடுத்தார். சுண்டு விரலில் பாதிகூட இருக்காது. ஆகாயத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்துப் பார்த்துவிட்டு என்னிடம் நீட்டினார். புது மாப்பிள்ளை, பெண்டாட்டிக்கு வித்தை காட்ட வேண்டுமே. “உள்ள ஒரு கம்பி இருந்துச்சு, பாரு, உருகிப்போச்சு. எங்கயாச்சும் வயரு தப்பா ஒட்டி, கரண்டு அளவுக்கு மீறிப் போனா இது மொதல்ல அறுந்துக்கிரும். இல்லாட்டி வண்டியே தீப்பிடிச்சுக்கிரும்” என்றார். அந்தக் காரில் எவனோ ஒரு மெக்கானிக் முன்பே வயர்களையெல்லாம் மாற்றிக் கட்டி, என்ஜின், விளக்கு, ஹாரன் எல்லாவற்றுக்கும் அந்த ஒரே ஃபியூஸ் வழியாகக் கரண்டு போகும்படி செய்துவிட்டிருந்தானாம். அது போனால் எல்லாமே போச்சு. தகர டப்பாவிலிருந்து வேறொரு குழாயை எடுத்து மாட்டினார், வண்டி கிளம்பியது. எனக்கு அன்றைக்கு அவர் மேல் எவ்வளவு பெருமை தெரியுமா! இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது, நல்ல சிரிப்பு இல்லை.

திரும்பி வரும்போது மறுபடியும் போனது. அதற்குப் பிறகு திருப்பரங்குன்றம் போகும்போது போனது. ஒவ்வொரு தடவையும் நாங்கள் இறங்கி நிற்போம், அவர் ஃபியூஸ் மாற்றுவார், வண்டி ஓடும், நான் ஏறி உட்கார்ந்து ஏதாவது ஒரு குழியில் தூக்கிப்போட்டால் மறுபடியும் நிற்கும். மாமியார் தனியாக மகனோடு போய்வந்த நாளெல்லாம் ஒன்றும் ஆகவில்லை. அவர் விவரம் தெரியாத ஆள் இல்லை, கணக்காகப் பார்த்து வைத்திருக்கிறார். பங்குனியில் சோழவந்தான் ரோட்டில் என் அம்மா வீட்டுக்குப் போகும் வழியில் வண்டி நின்றபோது, ரோட்டோரம் நின்றபடியே தீர்ப்புச் சொன்னார்.

“நானும் பாத்துக்கிட்டேதான் வாரேன். இவ எறங்குனா ஓடுது, ஏறுனா நிக்குது. வண்டிக்கு என்னடா கோளாறு? கோளாறு வண்டியில இல்ல.”

என் வீட்டுக்காரர் சிரித்தார். “அதெல்லாம் ஒண்ணுமில்லம்மா” என்று ஒரு வார்த்தை சொன்னார். அந்த ஒரு வார்த்தையோடு சரி. அன்றைக்கு என்னை என் அம்மா வீட்டில் கொண்டுபோய் விட்டார்கள். அம்மா வாசலுக்கு ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். மாமியார் காரிலிருந்து இறங்காமலே, “ஒங்க மகளக் கூட்டியாரதுக்குள்ள போதும் போதும்னு ஆயிருச்சு, சம்பந்தி” என்று சிரித்துக்கொண்டே சொன்னார். அம்மாவுக்கு அது புரியவில்லை. கொடிக்காலில் பறித்துக் கட்டிய வெற்றிலைக் கவுளிகளை ஒரு கூடையில் வைத்துச் சம்பந்தியம்மாவுக்குக் கொடுத்தாள்.

என் அம்மா ஒற்றைக்கட்டை. அப்பா நான் சின்னவளாக இருக்கும்போதே போய்விட்டார். கொஞ்சம் கொடிக்கால், ஒரு ஓட்டு வீடு, பக்கத்தில் என் சித்தி, அவ்வளவுதான் அவளுக்கு உலகம். நான் ஒரே பிள்ளை. மதுரைக்கும் அவள் ஊருக்கும் காரில் போனால் ஒரு முழம் பூ கட்டுகிற நேரம். ஆனால் அந்தப் பங்குனிக்குப் பிறகு மாமியார் என்னைக் காரில் ஏற்றவில்லை. சரி, பஸ்ஸில் போகிறேன் என்றால் அதற்கும் விடவில்லை. “காரு வச்சிருக்கிற வீட்டு மருமக பஸ்ஸுல நசுங்கிக்கிட்டுப் போனா நாலு பேரு என்னத்தச் சொல்லுவாக?” என்றார். காரில் ஏறினால் வண்டிக்கு ஆகாது, பஸ்ஸில் ஏறினால் வீட்டுக்கு ஆகாது. நல்ல நியாயம்! ஆக என் அம்மாவை நான் பார்ப்பதே அபூர்வமாகிவிட்டது. அவளாக எப்போதாவது பஸ் ஏறி வருவாள். சம்பந்தி வீட்டில் கை நனைக்கக் கூச்சப்பட்டுக்கொண்டு ஒரு வாய்த் தண்ணீர் குடித்துவிட்டுப் பொழுது இருக்கும்போதே கிளம்பிவிடுவாள்.

“நீ எப்பத்தா வாரே?” என்று போகும்போது கேட்பாள்.

“வாரேம்மா, வாரேன்” என்பேன். காரில் ஏன் வருவதில்லை என்று அவளிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

என் வீட்டுக்காரர் ஒரு நாள் கொட்டகையில் காரைப் பிரித்துப் போட்டு நோண்டிக்கொண்டிருந்தார். கடை விடுமுறை. என்னைக் கூப்பிட்டார். “அந்த மூலையில போயி உக்காரு” என்றார். உட்கார்ந்தேன். “எந்திரி” என்றார். எழுந்தேன். “திரும்ப உக்காரு. நல்லா அமுக்கி உக்காரு. குதி.” நான் குதித்தேன். அவர் முன்பக்கம் ஸ்டீரிங்குக்குக் கீழே தலையை விட்டுக்கொண்டு கிடந்தார், அங்கே என்ன செய்தார் என்று எனக்குத் தெரியவில்லை. அப்புறம் எழுந்து வந்து கையைத் துடைத்துக்கொண்டார்.

“என்னங்க, என்ன கோளாறு?” என்று கேட்டேன்.

“ஒண்ணுமில்ல. நீ உள்ள போ” என்றார்.

நான் என்ன நினைத்தேன் தெரியுமா? இவரும் தன் அம்மா பேச்சைக் கேட்டுக்கொண்டு என் ராசியைச் சோதித்துப் பார்க்கிறார் என்று நினைத்தேன். அன்றைக்குக் கிணற்றடியில் உட்கார்ந்து அழுதேன். கொஞ்சம் கொஞ்சமாக எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. ஊரில் எத்தனையோ பேர் காரில் போகிறார்கள், நான் ஏறினால் மட்டும் ஏன் நிற்கிறது? என்னிடம்தான் ஏதோ இருக்கிறது போலிருக்கிறது என்று நம்ப ஆரம்பித்தேன். ஒரே பொய்யைத் தினமும் சாதத்தோடு பிசைந்து கொடுத்தால் கடைசியில் அதுவும் செரித்துவிடும் போலும்.

இதற்கிடையில் யுத்தம் முற்றியது. பெட்ரோலுக்குக் கூப்பன் வந்தது. சீமைச் சாமான் எதுவும் கடைகளில் கிடைக்கவில்லை. கண்ணாடி ஃபியூஸுக்கு என் வீட்டுக்காரர் ஊரெல்லாம் அலைந்தார். கிடைத்த ஒன்றிரண்டைத் தங்கம் மாதிரித் துணியில் சுற்றி டப்பாவில் வைத்திருந்தார். “இவ ஏறாததால மிச்சமாகுது” என்று மாமியார் அதையும் எடுத்துக்காட்டிப் பேசினார். பெட்ரோல் கிடைக்காத காலத்தில் கார் முக்கால்வாசி நாள் கொட்டகையில்தான் தூங்கியது. இருந்தும் அதன் கதவைத் தொட எனக்கு உரிமை கிடையாது.

மழை பெய்து கொடிக்காலெல்லாம் சேறாகக் கிடந்த ஒரு காலையில் சித்தியின் வீட்டுக்காரர் சைக்கிள் மிதித்து வந்து சேர்ந்தார். அம்மாவுக்கு வயிற்றில் பொறுக்க முடியாத வலி, எதைக் குடித்தாலும் வெளியே வருகிறது, சுருண்டு கிடக்கிறாள், ஊர் வைத்தியர் கைவிட்டுவிட்டார், உடனே பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டுபோகச் சொல்கிறார் என்றார். அவர் சொல்லி முடிப்பதற்குள் நான் காலில் செருப்பை மாட்டிவிட்டேன். என் வீட்டுக்காரரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும், அவர் ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. சட்டையைப் போட்டுக்கொண்டு கொட்டகைக்கு ஓடினார். நானும் பின்னாலேயே ஓடினேன். மாமியார் கார்க் கதவுக்கு முன்னால் வந்து நின்றுகொண்டார்.

“நீ எங்கத்தா கெளம்பிட்ட?”

“எங்கம்மா, அத்தை.”

“ஒங்கம்மாதான், யாரு இல்லேன்னா? நீ ஏறி, வண்டி பாதி வழியில நின்னு போச்சுன்னா? ஒங்க ஆத்தா உசுரோட வந்து சேரணுமா வேணாமா, நீயே சொல்லு.”

அவர் அதைக் கோபமாகச் சொல்லவில்லை. நல்லது சொல்கிற மாதிரிதான் சொன்னார். நான் என் வீட்டுக்காரர் முகத்தைப் பார்த்தேன். அவர் ஸ்டீரிங்கைப் பிடித்துக்கொண்டு நேராகப் பார்த்துக்கொண்டிருந்தார். “டப்பாவுல ஒரு பீசுதான் கெடக்கு” என்றார். பிறகு, “நீ குதிரை வண்டி வச்சு நேரா ஆஸ்பத்திரிக்குப் போயி நில்லு. நான் அங்க கூட்டியாந்துருவேன்” என்றார். நான் காரை விட்டு விலகி நின்றேன். என் கால் அந்தப் படியில் பட்டால்கூட அம்மாவுக்கு ஆகாது என்று பயந்து விலகினேன். அப்படி ஆக்கி வைத்திருந்தார்கள் என்னை.

ஆஸ்பத்திரி வாசலில் நின்றேன். வைகைப் பாலத்திலிருந்து வருகிற ஒவ்வொரு காரையும் பார்த்தேன். யுத்த காலத்தில் கார் அபூர்வம். சத்தம் கேட்டாலே வீதிக்கு ஓடிவந்து எட்டிப் பார்ப்பேன். மிலிட்டரி லாரிகள் போயின, டாக்டர் ஒருவரின் கார் வந்தது. வெயில் தலைக்கு மேல் ஏறி இறங்கவும் ஆரம்பித்துவிட்டது. காரையே பார்த்துக்கொண்டிருந்ததில், வைக்கோல் பரப்பிய ஒரு மாட்டு வண்டி வாசலுக்குள் திரும்பியதை நான் கவனிக்கவில்லை. “அடியே, இங்க வாடி” என்று சித்தி கத்தினாள். ஓடிப்போய்ப் பார்த்தேன். அம்மாவின் தலை சித்தியின் மடியில் இருந்தது. கண் பாதி திறந்திருந்தது. “பாலம் ஏறும்போதே போயிட்டாடி” என்றாள் சித்தி. வண்டிக்குப் பின்னால் என் வீட்டுக்காரர் சட்டையெல்லாம் சேறும் வியர்வையுமாக நடந்து வந்துகொண்டிருந்தார்.

என்ன நடந்தது என்று சித்திதான் சொன்னாள், அழுகை ஓய்ந்த பிறகு. அம்மாவைப் பின்சீட்டில் நீட்டிப் படுக்க வைத்திருக்கிறார்கள். உட்கார முடியாதவளை வேறு எப்படிக் கொண்டுவருவது? இடது பக்கம் தலை, வலது பக்கம் கால். சித்தி முன்சீட்டில். துவரிமான் தாண்டியதும் கார் நின்றது. என் வீட்டுக்காரர் டப்பாவில் இருந்த ஒரே ஃபியூஸை மாட்டினார். கிளம்பி, கொஞ்ச தூரத்தில் அதுவும் போனது. சிகரெட் பெட்டிக்குள் இருக்கும் வெள்ளித் தாளைக் கிழித்து, போன ஃபியூஸ் மேல் சுற்றி மாட்டினார். அப்படி ஒட்டுப்போட்டு ஓட்டுவது அந்தக் காலத்தில் எல்லா டிரைவர்களும் செய்ததுதான். அது மாட்டும்போதே படக்கென்று எரிந்தது.

“வெக்கையா இருக்குன்னு ஒங்கம்மாள எறக்கி மரத்தடியில படுக்க வச்சோம்டி. திரும்ப ஒரு தாளைச் சுத்திப் போட்டாரு மாப்ள, வண்டி கிர்ருனு கெளம்பிருச்சு. ஆகா, ஆயிருச்சுன்னு தூக்கிப் படுக்க வச்சோம். வச்சதுதான் தாமசம், வண்டி செத்துப்போச்சு. திரும்ப எறக்குனோம், ஓடுச்சு. ஏத்துனோம், நின்னுச்சு. அக்காவ ஏத்த மாட்டேன்னு அந்த வண்டி அம்புட்டுப் பிடிவாதம் பிடிச்சதுடி!”

வெள்ளித் தாள் தீர்ந்துபோனது. கோச்சடைப் பக்கம் போன ஒரு வைக்கோல் வண்டியை மறித்துக் கெஞ்சி, அதில் ஏற்றிக்கொண்டு வந்திருக்கிறார்கள். குடல் முறுக்கிக்கொண்டிருந்திருக்கும், இன்னும் கொஞ்சம் முன்னால் வந்திருந்தால் அறுத்துப் பார்த்திருக்கலாம் என்று டாக்டர் சொன்னார். வண்டியில் வரும்போது என் பேரைச் சொல்லிக் கேட்டாளா என்று நான் சித்தியிடம் கேட்கவில்லை. கேட்டிருப்பாள் என்று எனக்குத் தெரியும்.

காரியம் முடிந்து நான் வீட்டுக்குத் திரும்பியதும் மாமியார் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார். அழுது முடித்து மூக்கைச் சிந்திவிட்டுச் சொன்னார், “நீ ஏறாமயே நின்னுருச்சேத்தா. ஒங்க ரெத்தத்துலயே இருக்கு போல.” துக்கம் கேட்க வந்தவர்களிடமும் இதையே சொன்னார். அவர்களும் உச்சுக் கொட்டினார்கள். என் வீட்டுக்காரர் அங்கேதான் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். துண்டு நுனியை முறுக்கிக்கொண்டிருந்தார். தன் மாமியார், அதாவது என் அம்மா, செத்த துக்கத்தில் மனுஷன் ஒடிந்து போய்விட்டார் என்று நான் நினைத்து, அவருக்குக் காபி கொண்டுபோய்க் கொடுத்தேன். நான்தான், என் கையால்!

யுத்தம் முடிந்த கொஞ்ச நாளில் வேறு வண்டி வாங்குவது என்று முடிவாகி, பழைய காரை விற்க ஏற்பாடு ஆனது. பாத்திரக் கடை வைத்திருந்த ஒரு பாய் பார்க்க வந்தார். வயசானவர், நிதானமாகக் காரைச் சுற்றிச் சுற்றி வந்து, டயரைத் தட்டி, கதவைத் திறந்து மூடிப் பார்த்தார். மாமியார் கோயிலுக்குப் போயிருந்தார். நான் இரண்டு பேருக்கும் டம்ளரில் மோர் எடுத்துக்கொண்டு கொட்டகைப் பக்கம் போனேன். அவர்கள் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார்கள்.

“பொய் சொல்லி விக்கிற பழக்கம் எனக்குக் கெடையாது, பாய்” என்றார் என் வீட்டுக்காரர். “இந்த வண்டியில ஒரே ஒரு கோளாறு உண்டு. பின்னால எடது பக்க மூலையில ஸ்பிரிங்கு ஒடஞ்சிருக்கு. அதுக்கு அடியிலதான் மேல இருக்கிற குட்டி வெளக்குக்குப் போற வயரு ஓடுது. ஆளு அங்க உக்காந்தா, ஸ்பிரிங்கு மொனை வயருல குத்திக் கரண்டு பாடியில எறங்கிரும், பீசு போயிரும். அங்க ஆள உக்கார வைக்காதீக.”

“எப்புடிக் கண்டுபுடிச்சீக, தம்பி?”

“பீசு இருக்கிற எடத்துல ஒரு பல்பை மாட்டிவச்சு, வீட்டுல ஆள உக்காரச் சொன்னேன். உக்காந்தா பல்பு எரியுது, எந்திரிச்சா அணையுது. அப்பறம் சீட்டைத் தூக்கிப் பாத்தேன். அது ஆச்சு, கல்யாணமான புதுசுல.”

நான் டம்ளர்களோடு அப்படியே நின்றேன். கல்யாணமான புதுசில்! நான் அந்த மூலையில் குதித்துக் குதித்து உட்கார்ந்த அன்றைக்கே தெரிந்திருக்கிறது. என்னைக் காரில் ஏற்றாத காலமெல்லாம் தெரியும். அம்மா நான் வருவேன் வருவேன் என்று பார்த்துக்கொண்டிருந்த காலமெல்லாம் தெரியும். அவள் தலையை அந்த மூலையில் வைத்துப் படுக்கப் போட்டபோதும் தெரியும்.

பாய் என்னைப் பார்த்துவிட்டு, “கொடு தங்கச்சி” என்று டம்ளரை வாங்கி ஒரு வாய் குடித்துவிட்டு மட்கார்டு மேல் வைத்தார். பின்கதவைத் திறந்து சீட்டை இழுத்துக் கீழே போட்டார். “அட, இம்புட்டுதானா” என்று சொல்லிக்கொண்டே குறடு ஒன்றை வாங்கி ஸ்பிரிங் முனையை உள்பக்கமாக வளைத்துவிட்டார். இடுப்பில் இருந்த கைக்குட்டையில் ஒரு ஓரத்தைக் கிழித்து, தோலுரிந்து கிடந்த வயரில் சுற்றி முடிச்சுப் போட்டார். சீட்டைத் திரும்ப வைத்து, அந்த மூலையில் தானே ஏறி உட்கார்ந்து ஆடிப் பார்த்தார். ஹாரனை அடிக்கச் சொன்னார். என் வீட்டுக்காரர் அடித்தார், அது நன்றாகக் கத்தியது. பாய் இறங்கி வந்து மிச்ச மோரைக் குடித்தார்.

அவர் போன பிறகு நான் கேட்டேன். கத்தினேனா மெதுவாகக் கேட்டேனா என்று நினைவில்லை. “தெரிஞ்சும் ஏங்க அதச் சரி பண்ணல?”

“பண்ணணும்னுதான் இருந்தேன். அதுக்குள்ள அம்மா நாலு பேருகிட்டச் சொல்லிட்டாங்க. நான் போயி, அவ ராசி இல்லம்மா, வயருதான்னு சொன்னா, அம்மாவுக்கு மொகம் என்ன ஆகும்? சொல்லாம சரி பண்ணி, நீ ஏறி, வண்டி நிக்காம ஓடுச்சுன்னாலும் கேப்பாங்கள்ல?”

“எங்கம்மாள அதுல படுக்க வச்சீங்களே.”

“மெதுவா ஓட்டுனா ஒண்ணும் ஆகாதுன்னு நெனச்சேன். அப்பறம் இருந்த பதட்டத்துல சீட்டைத் தூக்கணும்னே தோணல. ஒஞ் சித்தி வேற பக்கத்துல நின்னு அழுதுக்கிட்டு இருந்துச்சு.” காலி டம்ளர்களை எடுத்து என்னிடம் நீட்டி, “நான் வேணும்னா செஞ்சேன்?” என்றார். கண் கலங்கியிருந்தது. அந்தக் கண்ணீரைப் பார்த்து எனக்கு இரக்கம் வரவில்லை. தன் அம்மாவிடம் நேரம் பார்த்துத் தானே சொல்லிவிடுவதாகவும், நான் எதுவும் பேச வேண்டாமென்றும் கேட்டுக்கொண்டார். நானும் பேசாமல் இருந்தேன். நேரம் பார்த்தார், பார்த்துக்கொண்டே இருந்தார்.

ஒரு மத்தியானம் அவருக்கும் மாமியாருக்கும் சாப்பாடு போட்டுக்கொண்டிருந்தேன். மாமியார் ரொம்ப உற்சாகமாக இருந்தார். கோயிலில் யாரோ பாய் வீட்டுக் காரைப் பற்றிச் சொன்னார்களாம்.

“குதிரையாட்டம் ஓடுதாம்டா! குடும்பத்தோட ராமநாதபுரம் வரைக்கும் போயிட்டு வந்துட்டாகளாம், ஒரு எடத்துல நிக்கலையாம். இந்த வீட்ட விட்டுப் போனதும் அதப் புடிச்ச பீடை விட்டுருச்சு.”

நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். இதைவிட நல்ல நேரம் அவருக்கு எங்கே கிடைக்கப் போகிறது? அவர் அப்பளத்தை நொறுக்கிக்கொண்டிருந்தார். குழம்புச் சட்டியைக் கீழே வைத்துவிட்டு நானே எல்லாவற்றையும் சொன்னேன். ஸ்பிரிங், வயர், கொட்டகையில் பல்பு மாட்டிப் பார்த்தது, பாய் கைக்குட்டையைக் கிழித்துக் கட்டியது, எல்லாம்.

மாமியார் மகனைப் பார்த்தார். “ஆமாவாடா?”

“ஆமாம்மா” என்றார் அவர், இலையைப் பார்த்துக்கொண்டே.

மாமியார் கையில் எடுத்த உருண்டையை வாயில் போடாமல் கொஞ்ச நேரம் யோசித்தார். வருத்தப்படப் போகிறார் என்று நான் பைத்தியக்காரி எதிர்பார்த்தேன். பிறகு உருண்டையை வாயில் போட்டு மென்று விழுங்கிவிட்டு, “சரி, வயருன்னே வச்சுக்குவோம். அம்புட்டு நீளத்துக்கு வயரு ஓடுது. இவ உக்கார்ற மூலையில மட்டும் அது ஏன் அந்து போகணும்?” என்றார்.

“ஏன்னா, குத்துற மூலைன்னு தெரிஞ்சுதான் நீங்க என்னைய அங்க உக்கார வச்சீங்க அத்தை” என்றேன். என் குரல் எனக்கே வேறு யாரோ பேசுவது மாதிரிக் கேட்டது. அவர் மகன் பக்கம் திரும்பி, “எங்கம்மாளையும் அங்கதான் படுக்க வச்சீங்க” என்றேன்.

“சாப்பிடுற எடத்துல என்ன பேச்சு இது?” என்று அதட்டினார் என் வீட்டுக்காரர். என்னைப் பார்த்து.